காபூல் முற்றத்தில் ஒரு தேங்காய்

பலேர்மோவில் எடுத்த ஏதாவது ஒரு படத்தில், சந்தை இரைச்சலுக்கு நடுவிலோ கப்பலை விட்டு இறங்கும் சனத்துக்குள்ளோ ஒரு கறுத்த முகத்தைக் கண்டீர்களானால், அந்த முகத்தை அந்த இடத்தில் கொண்டுபோய் நிறுத்தியவன் நான்தான் என்று கண்ணை மூடிக்கொண்டு நம்பலாம். முப்பது வருடம் அதுதான் என் வேலை. பள்ளிக்கூடப் பக்கம் சரியாகப் போகாதவன் நான். மன்னாரில் வலை இழுத்தேன். இங்கே இத்தாலிக்கு வந்து லிபெர்த்தா என்ற பணக்காரத் தெருவில் ஒரு சிஞ்ஞோரா அம்மாவின் வீட்டில் நிலம் துடைத்தேன். பிறகு கபோகுருப்போ ஆனேன். படக்காரர் கேட்கிற ஆட்களைத் தேடிப் பிடித்து, உடுப்பு மாட்டி, விடிய வரிசையில் நிறுத்தி, பின்னேரம் ஆள் குறையாமல் வீட்டுக்கு அனுப்புகிறவனுக்கு இங்கே அதுதான் பெயர். எங்கள் ஆட்களில் அந்தப் பெயரை முதலில் வாங்கியவன் நான். இரண்டாவது ஆளும் நான்தான், ஏனென்றால் நான் ஓய்வெடுக்கும்வரை வேறு யாரையும் விடவில்லை.

இப்போது நீங்கள் மூன்று பேர் அந்த வேலையைப் பார்க்கிறீர்கள். நல்ல பிள்ளைகள். இத்தாலியனில் எழுதவும் வாசிக்கவும் தெரிந்தவர்கள். போன கிழமை உங்களில் ஒருவர் என் வீட்டுக்கு வந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தபோது போன் வந்தது. "எத்தனை பேர் வேணும்?" என்று கேட்டீர்கள். "சரி" என்றீர்கள். வைத்துவிட்டீர்கள். அது என் குரல் மாதிரியே இருந்தது. அதனால்தான் இதை எழுதுகிறேன். எழுதுகிறேன் என்றால், நான் சொல்ல என் இளைய மருமகள் எழுதுகிறாள். சில இடங்களில் அவள் பேனாவை வைத்துவிட்டுச் சிரிப்பதால் வேலை மெதுவாக நடக்கிறது.

நானும் முப்பது வருடம் அந்த ஒரே கேள்வியைத்தான் கேட்டேன். எத்தனை பேர்? அரபு வியாபாரிகளா, இந்தியக் கப்பல்காரர்களா, துருக்கியரா, எனக்குக் கவலையில்லை. தலை எத்தனை, அவ்வளவுதான். ஒருமுறை பன்னிரண்டு மன்னார்க்காரரைச் சிலுவைப் போருக்கு அனுப்பினேன். காலையில் ஒரு பக்கம் நின்று வெட்டினார்கள். சாப்பாட்டுக்குப் பிறகு தலைப்பாகையை மாற்றிக்கொண்டு மறுபக்கம் நின்று செத்தார்கள்.

எனக்குத் தொழில் பழக்கிய கிழவர் ஒருவர் இருந்தார். துறைமுகத்தில் சுமை ஏற்றிக்கொண்டே படங்களுக்கும் ஆள் பிடித்தவர். சூசை என்ற என் பெயர் வாயில் நுழையாமல், அதே புனிதரின் இத்தாலியப் பெயரான ஜுசெப்பேயைச் சுருக்கி எனக்குப் பெப்பே என்று பெயர் வைத்தவரும் அவர்தான். ஒரே ஒரு புத்திதான் சொன்னார். "பெப்பே, முதல் வசனத்துக்குத் தலையாட்டாதே. இரண்டாவது வசனம் வரும்வரை பொறு. வேலை எப்போதும் இரண்டாவது வசனத்தில்தான் இருக்கும்." நான் உடனே தலையாட்டினேன். அவர் என்னைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார். ஏன் என்று விளங்க எனக்குக் கிட்டத்தட்ட முப்பது வருடம் எடுத்தது.

அதை எனக்கு விளங்க வைத்தவர் பரீத். ஆப்கானிஸ்தான்காரர், படங்களுக்குக் கதை வசனம் எழுதுகிறவர். அவரைக் கண்டுபிடித்தவனும் நான்தான், அதையும் சொல்லிவிடுகிறேன். குவெஸ்தூரா என்கிற பொலிஸ் கந்தோரில் பெர்மெஸ்ஸோ வரிசை நிற்குமே, விசா அட்டை புதுப்பிக்கிற அந்த வரிசை, அங்கே என் முன்னால் நின்றார். எந்த யன்னலுக்குப் போகவேண்டும் என்று தெரியாமல் தடுமாறினார். நான் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டுபோய் விட்டேன். அது பிழையான யன்னல். இரண்டு பேரும் திரும்பவும் கடைசியில் போய் நின்றதில் சிநேகிதரானோம்.

காபூலில் அவர் தொலைக்காட்சித் தொடர்கள் எழுதியவர். அவர் எழுதிய ஒரு மாமியார் எவ்வளவு பொல்லாதவள் என்றால், அந்த வேடம் போட்ட பெண்ணுக்குச் சந்தையில் வெங்காயம் விற்க மறுத்தார்களாம். அப்படிப்பட்டவர் இங்கே ஒரு ஹோட்டல் குசினியில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தார். நான் அவரைக் கொம்பார்சாவாக, அதாவது கூட்டத்தில் நிற்கிற ஆளாக, ஒரு படத்துக்குக் கொண்டுபோனேன். வள்ளத்தில் வந்து இறங்குகிற அகதிகள். வரிசையில் மூன்றாவது ஆள் அவர். உதவி இயக்குநர் ஒருவர் வந்து, "இன்னும் கொஞ்சம் கவலையாக நடக்கவும்" என்றார்.

பரீத் மரியாதையாகக் கேட்டார். "எந்தக் கவலை? கடலைப் பார்க்கிற கவலையா, கடலைத் தாண்டி வந்த கவலையா? இரண்டுக்கும் நடை வேறு."

நான் பின்னால் இருந்து அவர் இடுப்பில் கிள்ளினேன். "கொம்பார்சாவுக்கு வாய் கிடையாது" என்றேன். ஆனால் அந்த உதவி இயக்குநர் கேட்டுக்கொண்டே நின்றார். பிற்காலத்தில் அவர் தானே இயக்குநரானபோது முதல் போன் எனக்குத்தான் வந்தது. "பெப்பே, எந்தக் கவலை என்று கேட்ட அந்த மனிதர் எங்கே?" ஆகவே பரீத் அவருக்கு எழுதிக்கொடுத்த படம் பிறந்ததற்கு நான் கிள்ளியதும் ஒரு காரணம் என்று இன்றைக்கும் சொல்லிக்கொள்கிறேன்.

பரீத் இருந்த அறையில் இன்னும் நான்கு பேர் இருந்தார்கள். அதனால் ஞாயிற்றுக்கிழமைகளில் என் குசினி மேசையில் வந்திருந்து எழுதினார். தன் மொழியில் எழுதிவிட்டு எனக்கு இத்தாலியனில் சொல்லிக் காட்டுவார். நான் சிரித்தால் அந்த வரியை வெட்டிவிடுவார்.

"ஏன் வெட்டுறீங்கள்? நல்லாத்தானே இருந்தது" என்று ஒருநாள் கேட்டேன்.

"பெப்பே ஜான்," என்றார். ஜான் என்பது அவர்கள் பிரியத்தோடு பெயருக்குப் பின்னால் போடுகிற சொல். "நீங்கள் எல்லாவற்றுக்கும் சிரிக்கிறீர்கள். எனக்குக் கொஞ்சம் யோசித்துச் சிரிக்கிறவர் வேண்டும்."

ஒரு ஞாயிறு, நான் பருப்புக்குத் தாளித்துக்கொண்டிருக்கும்போது, பேனாவை மூடிவைத்துவிட்டு அவர் ஒரு காட்சியைச் சொன்னார். ஒரு பையன் நாட்டை விட்டுப் போகிறான். தாய் வாசலில் நின்று, அவன் முதுகுக்குப் பின்னால் ஒரு கிண்ணம் தண்ணீர் ஊற்றுகிறாள். எனக்கு அவ்வளவுதான் காதில் விழுந்தது.

"எத்தனை பேர்?" என்று கேட்டேன்.

"ஒரு தாய். பின்னால் ஏழு பெண்கள்."

"எட்டு. சரி."

அவர் அதற்குப் பிறகும் பேசிக்கொண்டே இருந்தார். நான் தலையாட்டிக்கொண்டே இருந்தேன். கடுகு வெடித்துக்கொண்டிருந்தது. "தாயை நீங்களே பார்த்து எடுங்கள், அதைச் செய்யக்கூடிய பெண்ணாக" என்றார். "என்னட்டை விடுங்கோ" என்றேன். என்னிடம் விட்டார்.

அந்தக் கதை முதலில் நூற்றிருபது பக்கம். இயக்குநர் வெட்டச் சொன்னார். பரீத் கலியாண வீட்டைக் கொடுத்தார், சண்டைக்காரச் சித்தப்பாவைக் கொடுத்தார், கடைசியில் தான் மிகவும் விரும்பிய ஆட்டையும் கொடுத்தார். எழுபது பக்கத்துக்கு வந்தது. தண்ணீரை மட்டும் கொடுக்கவில்லை. "எதை வேண்டுமானாலும் வெட்டுங்கள். தண்ணீர் இல்லாவிட்டால் என் பெயரையும் எடுத்துவிடுங்கள்" என்றாராம்.

படப்பிடிப்பு ஸ்தாசியோனே சென்ட்ராலே ரயில் நிலையத்துக்குப் பின்பக்கம், ஒரு பழைய வீட்டின் முற்றத்தில். அதைக் காபூல் ஆக்குவதற்குச் சுவரிலிருந்து ஒரு விளம்பரத்தைக் கிழித்தால் போதுமாக இருந்தது. ஆனால் அந்த முற்றத்துக்கு வெயில் மத்தியானத்துக்குப் பிறகு கொஞ்ச நேரம்தான் இறங்கும். அந்தப் பையனாக நடித்தவர் நாப்போலிக்காரர். அன்று பின்னேரக் கப்பலில் திரும்பிப் போய், அடுத்த படத்துக்காகத் தலையை மொட்டையடிக்க வேண்டும். எனவே அன்றைக்கு விட்டால் இல்லை. அதே நாளைப் பார்த்துப் பரீத்துக்குக் குவெஸ்தூராவில் தவணை. அது மாற்ற முடியாத தவணை. "நான் வரும்வரை தண்ணீரை எடுக்காதீர்கள்" என்று சொல்லிவிட்டு விடியவே வரிசைக்குப் போய்விட்டார்.

மத்தியானம் தாண்டியும் வரவில்லை. போன் எடுக்கவில்லை. இயக்குநர் சுவரையும் மணிக்கூட்டையும் மாறி மாறிப் பார்த்தார். "எடுப்போம்" என்றார்.

தாயாக நான் கொண்டுவந்து நிறுத்தியிருந்தது பரமேஸ்வரியை. யாழ்ப்பாணத்துப் பெண். லிபெர்த்தாவில் படுக்கையில் கிடக்கும் ஒரு கிழவியைப் பார்க்கிற வேலை. கமராவுக்கென்றே செதுக்கிய முகம். பரீத் பழைய சாமான் சந்தையில் தேடி வாங்கிய செம்புக் கிண்ணத்தில் தண்ணீரை நிரப்பி அவர் கையில் கொடுத்து, என்ன செய்யவேண்டும் என்று விளங்கப்படுத்தினார்கள். அவர் கிண்ணத்தைக் கீழே வைத்தார்.

"சூசையண்ணை, இஞ்சை ஒருக்கா வாங்கோ."

"என்ன பரமேஸ்?"

"இவை என்ன சொல்லினம் எண்டு உங்களுக்கு விளங்குதோ? அந்தப் பெடியன் பையோடை வாசலைத் தாண்ட, நான் பின்னாலை தண்ணி ஊத்த வேணுமாம்."

"ஊத்துமன். ஒரு கிண்ணம் தண்ணிதானே."

"சவம் எடுத்த வீடோ இது? பிரேதம் படலை தாண்டினாப் பிறகுதான் எங்கடை வீடுகளிலை தண்ணி ஊத்திக் கழுவுறது. உயிரோடை போற பிள்ளைக்குப் பின்னாலை வீடு கூட்டவும் மாட்டம். நீங்கள் ஊத்தச் சொல்லுறியள்."

"இது படம், பரமேஸ்."

"படமெண்டால்? என்ரை மகன் வாற வெள்ளிக்கிழமை ஜேர்மனிக்கு வெளிக்கிடுறான். இந்தப் பெடியன் அவனைப் போலத்தான் தோளிலை பையைக் கொழுவிக்கொண்டு நிக்கிறான். நான் ஊத்தமாட்டன். வேறை ஆரையும் கேளுங்கோ."

நான் மற்ற ஏழு பெண்களையும் பார்த்தேன். ஏழு பேரும் ஒரே நேரத்தில் தங்கள் செருப்பைப் பார்த்தார்கள். எங்கள் மாதா கோயில் பக்கத்துப் பெண் ஒருத்தி, "நாங்கள் வேதக்காரர். எங்களுக்கு இப்பிடி ஒண்டும் இல்லை" என்றாள்.

"அப்ப நீ ஊத்து."

"ஊத்தமாட்டன். ஆனா எங்களுக்கு இப்பிடி ஒண்டும் இல்லை."

இயக்குநர் வந்தார். "பெப்பே, என்ன பிரச்சினை?"

பிள்ளைகளே, இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். உண்மை என் வாயில் தயாராக இருந்தது. ஆளைப் பிழையாக எடுத்துவிட்டேன், என்ன செய்யவேண்டும் என்று அவர்களிடம் முதலே சொல்லவில்லை, ஏனென்றால் நானே கவனித்துக் கேட்கவில்லை, பரீத் வரும்வரை பொறுப்போம். சொல்லியிருந்தால் கொஞ்சம் வெட்கம், அதோடு முடிந்திருக்கும். ஆனால் இருபது பேர் பார்த்துக்கொண்டு நின்றார்கள். எனக்குத் தெரியாது என்று முப்பது வருடத்தில் ஒருமுறைகூடச் சொல்லாத வாய் இது.

"பிரச்சினை எங்கள் ஆட்களிடம் இல்லை, தொத்தோரே," என்றேன். "பிரச்சினை உங்கள் கொப்பியோனேயில்." கொப்பியோனே என்றால் படத்தின் எழுத்துப் பிரதி. "அந்தப் பக்கத்து ஆட்கள் போகிறவருக்குப் பின்னால் தண்ணீர் ஊற்றமாட்டார்கள். அபசகுனம்."

"பரீத் எழுதியிருக்கிறாரே?"

"பாவம், வந்து எத்தனை வருடம். மறந்திருப்பார்."

"உங்களுக்கு நிச்சயமாகத் தெரியுமா?"

"ஆசியா முழுக்க ஒரே வீடு" என்றேன்.

அன்றைக்கு வரைபடத்தில் ஆப்கானிஸ்தானைக் காட்டச் சொல்லியிருந்தால், நான் தேடி முடிப்பதற்குள் அந்த முற்றத்து வெயில் போயிருக்கும். அவர் அதைக் கேட்கவில்லை. "அப்படியென்றால் அவர்கள் என்ன செய்வார்கள்?" என்று கேட்டார். இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது. பதிலைவிட மோசம், எனக்கு உற்சாகமும் வந்துவிட்டது.

நிறைகுடம் வைப்பார்கள் என்றேன். வாசலில் ஒரு குடம் நிறையத் தண்ணீர், அதைப் பார்த்துவிட்டுப் போனால் போன காரியம் நிறையும். செப்புக் குடம் ஒன்று அங்கேயே இருந்தது. ஸ்தாசியோனே பக்கத்து எங்கள் கடையிலிருந்து தேங்காய் ஒன்று ஓட்டமாக வந்தது. மாவிலைக்கு எங்கே போவது? முற்றத்தில் நின்ற எலுமிச்சையில் ஒரு கொப்பை ஒடித்தோம். பரமேஸ்வரி முழங்காலில் இருந்து, தன் பிள்ளைக்கே வைப்பதுபோல அப்படி அழகாக வைத்தார். அதோடு நிற்கவில்லை. கைப்பைக்குள் இருந்து திருநீற்றுப் பொட்டலத்தை எடுத்து, "குனி ராசா" என்றார். நாப்போலிக்காரர் ஏன் எதற்கு என்று தெரியாமலே குனிந்தார். பூசிவிட்டார். அந்தப் பையன் நெற்றியில் மூன்று குறியோடு காபூலை விட்டுப் புறப்பட்டான்.

இயக்குநருக்குக் கண் கலங்கிவிட்டது. "இதுதான் உண்மை" என்றார். எல்லோரும் கை தட்டினார்கள். யாரோ என்னை மாயெஸ்த்ரோ, அதாவது குருவே, என்று கூப்பிட்டார். நான் மறுக்கவில்லை.

அப்போதுதான் பரீத் வந்தார். கக்கத்தில் ஃபைல், சட்டையெல்லாம் வியர்வை. இன்னொரு நாள் வரச் சொல்லி அனுப்பிவிட்டார்களாம். இயக்குநர் ஓடிப்போய்க் கட்டிப்பிடித்து, "உங்கள் காட்சி முடிந்தது, நீங்கள் விட்ட பிழையையும் திருத்திவிட்டோம், நல்ல காலம் நிபுணர் ஒருவர் இருந்தார்" என்று சொல்லி, கமராவின் சின்னத் திரையில் போட்டுக் காட்டினார். பரீத் பார்த்தார். இன்னொருமுறை போடச் சொல்லிப் பார்த்தார். பிறகு வாசலுக்குப் போய், தேங்காயைக் கையால் தொட்டார்.

"காபூலில் இது எந்த மரத்தில் காய்க்கும்?" என்றார். குரலை உயர்த்தவேயில்லை. "யார் அந்த நிபுணர்?"

மாயெஸ்த்ரோ என்றவர்கள் எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். நானும் அந்த ஏழு பெண்களோடு சேர்ந்து என் செருப்பைப் பார்த்தேன்.

பரீத் போய்ப் படியில் இருந்தார். ஏசியிருந்தால் தாங்கியிருப்பேன். நான் போய்ப் பக்கத்தில் இருந்தேன்.

"உங்கள் குசினியில் எல்லாம் சொன்னேனே, பெப்பே ஜான்."

"சொன்னீர்கள்."

"கேட்டீர்களா?"

"எட்டுப் பேர் என்றது கேட்டது."

அவர் சுவரில் ஏறிக்கொண்டிருந்த வெயிலைப் பார்த்தார். பிறகு அன்றைக்குக் கடுகு வெடித்த சத்தத்தில் எனக்கு விழாததைத் திரும்பவும் சொன்னார். போகிறவன் தண்ணீர்போலத் தடையில்லாமல் போய், தண்ணீர்போலத் திரும்பி வரவேண்டும் என்று ஊற்றுவார்களாம். போகிறவன் திரும்பிப் பார்க்கக்கூடாதாம். அவருடைய அம்மா அவருக்கு ஊற்றினாராம்.

"நான் திரும்பிப் பார்க்கவில்லை. சத்தம் மட்டும் கேட்டேன். என் முதுகுக்குப் பின்னால் நடந்த ஒன்றை எழுத எனக்கு இரண்டு வருடம் எடுத்தது. இன்றைக்குத்தான் அதைப் பார்க்க இருந்தேன்." ஃபைலை மடியில் வைத்து நேராக்கினார். "அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. வீட்டில் தொலைக்காட்சியும் இல்லாததால் நான் எழுதியது எதுவும் அவருக்குத் தெரியாது. இதைப் பார்த்தால் தெரியும். நான் ஒவ்வொருமுறை போன் வைத்த பிறகும் இன்னும் வாசலில் ஒரு கிண்ணம் ஊற்றுகிறாராம். தண்ணீருக்குக் கஷ்டமான இடம். அக்கா ஏசுவாளாம்."

நான் எழுந்து இயக்குநரிடம் போனேன். அந்த முற்றம் பத்துப் பதினைந்து அடி இருக்கும். முப்பது வருடத்தில் நான் நடந்த ஆகத் தூரமான நடை அதுதான்.

"தொத்தோரே, நான் சொன்னது பொய். எனக்கு ஆப்கானிஸ்தான் தெரியாது. உங்கள் கொப்பியோனேயையும் வாசிக்கவில்லை. ஒரு கொப்பியோனேயையும் ஒருநாளும் வாசித்ததில்லை. எனக்கு வாசிக்க வராது."

உடுப்புப் பகுதியில் வேலை செய்கிற கிழவி சொன்னாள். "அது எங்களுக்குத் தெரியும், பெப்பே. சில நாள் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு நிற்பீர்கள்."

இயக்குநர் சிசிலியில் இருக்கிற கெட்ட வார்த்தைகள் எல்லாவற்றையும் எடுத்தார். எடுத்து முடித்துவிட்டுச் சுவரைப் பார்த்தார். "இன்னும் அரை மணித்தியாலம் இருக்கிறது. யார் ஊற்றுவது?"

பரீத் தானே பரமேஸ்வரியிடம் போனார். இரண்டு பேருக்கும் உடைந்த இத்தாலியன்தான்.

"உங்கள் ஊரில் தண்ணீர் ஊற்றினால் போனவர் திரும்பி வருவாரா?" என்று பரமேஸ்வரி கேட்டார்.

"அப்படித்தான் சொல்வோம்."

"நீங்கள் திரும்பிப் போனீர்களா?"

"இன்னும் இல்லை."

"அப்படியென்றால்?"

"அம்மா இன்னும் ஊற்றிக்கொண்டிருக்கிறார்" என்றார் பரீத்.

பரமேஸ்வரி சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். ஆனால் இல்லை என்றுதான் தலையாட்டினார். இயக்குநர் ஏதோ சொல்லி வற்புறுத்த வந்தபோது பரீத் கையைக் காட்டி நிறுத்தினார். "பிள்ளைக்குக் கூடாது என்று ஒரு தாய் சொன்னால் கூடாது. அந்தப் பயத்தை இவர்தான் வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படுக்கவேண்டும். நீங்கள் அல்ல." தன் வாழ்க்கையின் காட்சி கண் முன்னால் போய்க்கொண்டிருக்கும்போது சொன்ன சொல் அது. எனக்கு மாயெஸ்த்ரோ என்று ஒருவரைக் கூப்பிடவேண்டி வந்தால் அன்றிலிருந்து அவரைத்தான் கூப்பிடுவேன்.

அப்போது பரமேஸ்வரி என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"சூசையண்ணை, உங்கடை மூத்தவன் கனடாவுக்குப் போய் எத்தினை வருசம்?"

"ஒன்பது."

"ஒருக்காலும் வந்து போனவனோ?"

"வேலை, லீவு கிடைக்கிறேல்லை எண்டு…"

"அப்ப நீங்கள் ஊத்துங்கோ. உங்களுக்கு இனிக் கெடுறதுக்கு என்ன கிடக்கு?"

ஏழு பெண்களும் செருப்பிலிருந்து தலையை எடுத்தார்கள். அவர்களுக்கு அது நல்ல யோசனையாகப் பட்டது.

கை மட்டும்தான் தெரியும் என்றார்கள். கறுத்தப் பாவாடை ஒன்றைக் கட்டினார்கள். உடுப்புக் கிழவி என் கையில் இருந்த மயிரை முழங்கைவரை வழித்தாள். பரமேஸ்வரி தன் காப்பு இரண்டைக் கழற்றிச் சவர்க்காரம் போட்டு ஏற்றினார். மீசை படத்தில் விழாதுதான், ஆனாலும் தனக்குச் சிரிப்பு வருகிறது என்று இயக்குநர் அதன் மேல் முக்காட்டை இழுத்துக் கட்டச் சொன்னார். அப்படியாக, பலேர்மோவின் மூத்த கபோகுருப்போ ஆப்கான் தாயாகிப் போய் வாசலில் நின்றான்.

முதல் தரம், லிபெர்த்தாவில் நிலம் கழுவிய கை, அப்படியே வீசி அடித்துவிட்டது. நாப்போலிக்காரரின் சப்பாத்து நிறையத் தண்ணீர். பரீத் கமராவுக்குப் பக்கத்தில் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். "சத்தம் சரியில்லை" என்றார். "கையைப் பதித்து ஊற்றுங்கள். அவனைப் பார்க்காதீர்கள். தண்ணீரைப் பாருங்கள். அது அவனுக்குப் பின்னால் கொஞ்சத் தூரம் போகும். போக விடுங்கள்."

இரண்டாவது தரமும் பரீத் கண்ணைத் திறக்கவில்லை. தலையை மட்டும் அசைத்தார்.

மூன்றாவது தரம் நான் கிண்ணத்தைப் பிடித்தபோது அந்தப் பையனின் முதுகைப் பார்த்துவிட்டேன். பார்க்காதே என்றதைத்தான் நான் பார்ப்பேன், அது என் பழக்கம். என் மூத்தவன் விமான நிலையத்தில் இப்படித்தான் பையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றான். "போட்டு வாறன், அப்பா" என்றான். நான் போனில் இருந்தேன். யாரோ படக்காரர். எத்தனை பேர் என்று கேட்டுக்கொண்டிருந்தேன். மகனைப் பார்த்து, சரி சரி என்று கையைக் காட்டினேன். அவன் அதற்குப் பிறகும் ஏதோ சொன்னான். வாய் அசைந்தது எனக்கு நல்ல ஞாபகம். என்ன சொன்னான் என்று தெரியாது.

கிண்ணம் எப்போது காலியானது என்றும் தெரியாது. தண்ணீர் கல்லிடுக்குகளால் ஓடி, வாசல்படியைத் தாண்டி, நடந்துகொண்டிருந்த காலுக்குப் பின்னால் போய் நின்றது. நான் தலையைத் தூக்கியபோது பரீத் கண்ணைத் திறந்து, அந்த ஈரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். பரமேஸ்வரி சுவர்ப் பக்கம் திரும்பி நின்றார். வெயில் போய்விட்டது.

படத்தின் கடைசியில் ஓடுகிற பெயர்களில் கபோகுருப்போ என்ற இடத்தில் என் பெயர் இல்லை. இயக்குநருக்குக் கோபமாக இருக்கலாம். அதற்குக் கொஞ்சம் கீழே, 'தாயின் கைகள்' என்று போட்டு என் பெயர் இருக்கிறது. மருமகள்தான் வாசித்துக் காட்டினாள். முப்பது வருடம் ஆயிரம் முகத்தைப் படத்துக்குள் அனுப்பியவனுக்குக் கிடைத்த ஒரே வேடம் பன்னிரண்டு செக்கன், அதுவும் வழித்த கை.

பரீத் அந்தத் துண்டைப் போனில் தன் அம்மாவுக்கு அனுப்பினார். ஒரு ஞாயிறு வந்து, அம்மா சொன்னதைச் சொன்னார்.

"இந்தப் பெண் தண்ணீரைக் கூடுதலாக ஊற்றிவிட்டாள் என்றார். 'பரவாயில்லை, இவளுடைய பிள்ளை நல்ல தூரம் போயிருக்கவேண்டும்' என்றார்."

அன்றைக்கு நான் சிரிக்கவில்லை. பரீத் அந்த வரியைத் தன் கொப்பியில் எழுதி வைத்துக்கொண்டார். வெட்டமாட்டார் என்று நினைக்கிறேன்.

பரமேஸ்வரியின் மகன் நத்தார்ப் பண்டிகைக்கு வந்து நின்றுவிட்டுப் போனான். நிறைகுடம் வைத்துத்தான் அனுப்பினேன், பார்த்தீர்களா என்று பரமேஸ்வரி கண்ட இடமெல்லாம் எனக்குச் சொல்கிறார். நான் வாதாடுவதில்லை. வாதாடும் நிலைமையில் நான் இல்லை.

ஆகவே பிள்ளைகளே, எத்தனை பேர் என்று கேளுங்கள். கேட்கத்தான் வேண்டும். கேட்டுவிட்டு, அந்தப் பேர் அங்கே என்ன செய்யவேண்டும் என்றும் கேளுங்கள். போனை உடனே வைக்காதீர்கள். தெரியாது என்ற சொல்லை வீட்டில் கண்ணாடிக்கு முன்னால் நின்று சொல்லிப் பழகுங்கள். எனக்கு அது அறுபது வயதுக்குப் பிறகு வந்ததால் இன்னும் கொஞ்சம் கொன்னை தட்டுகிறது.

மூத்தவன் ஞாயிற்றுக்கிழமைகளில் கனடாவிலிருந்து போன் எடுப்பான். முன்பென்றால் ஓம், சரி, சுகம் என்று நானே முதலில் வைத்துவிடுவேன். இப்போது அவன் "சரி அப்பா" என்ற பிறகும், "வேறை என்ன?" என்று கேட்டுவிட்டுப் பொறுத்திருக்கிறேன். சில ஞாயிறு ஒன்றும் வராது. சில ஞாயிறு வரும். அவன் வைத்த பிறகு ஒரு கிண்ணம் தண்ணீர் எடுத்துப் போய்ப் பல்கனியில் நின்று மெதுவாக ஊற்றுவேன். நான் இருப்பது மூன்றாம் மாடி. முதல் நாளே கீழ் வீட்டுச் சிஞ்ஞோரா தலையை வெளியே நீட்டினார்.

"ஜுசெப்பே, நான் காயப்போட்ட விரிப்பெல்லாம் நனைகிறது. என்ன செய்கிறீர்கள் மேலே?"

வாயில் ஒரு பொய் தயாராக இருந்தது. பூச்சாடி என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. மகன், கனடா, தண்ணீர், எல்லாவற்றையும் மேலே நின்றபடியே சொன்னேன். அவர் கடைசிவரை கேட்டார். பிறகு தலையை உள்ளே இழுத்துக்கொண்டார்.

இப்போதெல்லாம் ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் உடுப்புக் காயப்போடுவதில்லை.